மணியின் மேல் வைத்த கை

கூம் கெலின் பள்ளத்தாக்கில் லெய்கியைப் போல் வெண்ணெய் எடுத்தவளும் இல்லை, லெய்கியைப் போல் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டவளும் இல்லை. முதலாவதை அவள் செத்த மறுநாளே ஊர் மறந்துவிட்டது. இரண்டாவதை இன்னும் மறக்கவில்லை. நல்லதை எந்த ஊர்தான் ஞாபகம் வைத்திருக்கிறது?

கோடை வந்தால் மாடுகளை மலைமேல் ஓட்டிப்போய், அங்கே கல்குடிலில் தங்கிப் பால் கறந்து, வெண்ணெயும் பாலாடைக்கட்டியும் செய்வது அவள் வேலை. மாடுகள் கிரிஃபித்துடையவை. கிரிஃபித்துக்கு மலையடியில் பெரிய வீட்டில் பெண்டாட்டி இருந்தாள், மோரஸ் என்று ஒரு மகனும் இருந்தான். மாடு பார்க்க மலையேறுகிறவன் மாட்டை மட்டும் பார்த்துவிட்டா இறங்குவான்? புல் பழுத்து மாடுகள் கீழே திரும்பியபோது லெய்கிக்கு முன்னால் அவள் வயிறு வந்தது.

எங்கள் பக்கத்தில் அதற்காக யாரும் ஆற்றில் விழமாட்டார்கள். பழைய அரசர்கள் காலத்துச் சட்டம் ஒன்று இருந்தது. பெற்றவள் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கோயிலுக்குப் போக வேண்டும். பீடத்தில் எங்கள் ஊர்ப் புனிதர் கையில் பிடித்திருந்த வெண்கல மணி இருக்கும். வலது கையை மணியின் மேலும் இடது கையைப் பிள்ளையின் தலைமேலும் வைத்து, இவனைப் பெற்றவன் இன்னார் என்று உரக்கச் சொல்ல வேண்டும். அந்த இன்னாருக்கு மறுப்பு இருந்தால் அதே மணிமேல் கைவைத்து மறுக்கலாம். ஒரு வருஷம் வாயை மூடிக்கொண்டிருந்தான் என்றால் பிள்ளை அவன் பிள்ளைதான். கட்டினவள் மகனுக்கு என்ன பங்கோ அதே பங்கு. பொய்ச் சத்தியம் செய்தவன் கை மணியோடு ஒட்டிக்கொள்ளும் என்பார்கள். சோதித்துப் பார்க்கிற துணிச்சல் யாருக்கும் இருந்ததில்லை.

லெய்கி போனாள். குழந்தை வீல் வீலென்று கத்தியது. அதற்கும் மேலே அவள் கத்தினாள்: "இவன் பேரு டெயோ. இவன் கிரிஃபித் மகன்!"

கிரிஃபித் தூணில் சாய்ந்தபடி தன் காலணியையே பார்த்துக்கொண்டிருந்தான். பெண்டாட்டி எழுந்து வெளியே போனாள். வருஷம் திரும்பியது. கிரிஃபித் வாயைத் திறக்கவில்லை. டெயோ மகனானான். லெய்கிக்கு வாழ்க்கையில் பெருமை என்று இருந்தது அது ஒன்றுதான். சந்தையில் வெண்ணெய் விற்கும்போதுகூட அதைச் சொல்லாமல் ஒரு கட்டியைக் கொடுக்க மாட்டாள்.

கிரிஃபித் செத்தபோது மோரஸ் லண்டனில் சட்டம் படித்துக்கொண்டிருந்தான். பங்குக்காக வந்தான். எங்கள் முறைப்படி இளையவன் பிரிக்க வேண்டும், மூத்தவன் முதலில் எடுத்துக்கொள்ள வேண்டும். டெயோ பிரித்தான். மோரஸ் ஆற்றங்கரைச் சமவெளியை எடுத்துக்கொண்டு, கோயிலுக்குப் பக்கத்துச் சரிவைத் தம்பிக்கு விட்டான்.

"பால்காரி பெத்ததுக்குக் கல்லு போதும்" என்று சொல்லிவிட்டுக் குதிரை ஏறினான்.

கல் என்றால் அப்படி ஒரு கல். டெயோ வருஷக்கணக்கில் பொறுக்கினான். முதுகு வளைந்தது, நகம் பெயர்ந்தது, பொறுக்கிய கல் வேலியோரம் ஆள் உயரம் குவிந்தது. கடைசியில் அந்தச் சரிவில் பார்லி இடுப்புயரம் நின்றது. வீடு கட்டினான். நெஸ்ட் என்ற பெண்ணைக் கட்டினான். லெய்கியைத் தன்னோடு வைத்துக்கொண்டான். அந்தப் பார்லிதான் மோரஸின் கண்ணில் விழுந்தது. கல்லாக இருந்தபோது தம்பி நிலம், கதிர் வந்ததும் அப்பன் நிலம்!

அதற்குள் காலமும் புரண்டிருந்தது. ராஜாவின் சட்டமே இனி இங்கேயும் சட்டம் என்று லண்டனிலிருந்து ஆணை வந்தது. அது வேண்டும் என்று சீமான்களிடம் கையெழுத்து வாங்கித் திரிந்தவர்களில் மோரஸ் முதல் ஆள். அவன் இப்போது பெரிய வக்கீல். தம்பியின் நிலம் தனக்குத்தான் என்று வழக்குப் போட்டான்.

வழக்கில் அவனுக்கு ஒரு ஓட்டை இருந்தது. கிரிஃபித் லெய்கியை மலைமேலேயே ஒரு சாமியாரை வைத்து மணம் செய்துகொண்டான், பெரிய வீட்டுக்காரி அதற்குப் பிறகு வந்தவள் என்று ஊர் சொன்னால் என்ன செய்வது? பொய்தான், ஆனாலும் ஊர் சொல்லத் தயாராகத்தான் இருந்தது. மோரஸைக் கண்டால் யாருக்கும் ஆகாது. லெய்கி பேசாமல் இருந்தாலே போதும், இல்லை என்று சாட்சி சொல்ல ஒருத்தனும் வரமாட்டான்.

வழக்கு நாளன்று நகரத்தில் பனிமழை. நீதிமன்ற வாசலில் லெய்கி நடுங்கிக்கொண்டு நின்றாள். மோரஸ் அவளிடம் நேராக வந்தான்.

"சின்னம்மா, குளிருதா? இந்தா, என் மேலங்கியப் போட்டுக்கோ."

லெய்கி பின்னால் திரும்பிப் பார்த்தாள். அதுவரை அவன் வாயில் அவள் 'ஏய்', அல்லது 'பால்காரி'.

"என்னையா கூப்பிட்டீங்க?"

"வேற யார? அப்பாவும் போயிட்டாரு, அம்மாவும் போயிட்டா. எனக்குன்னு மிச்சம் நீதானே. உள்ள டெயோ யாரு பிள்ளைன்னு கேப்பாங்க. அன்னிக்குக் கோயில்ல என்ன சொன்னியோ அதயே சொல்லு. கூட்டாத, குறைக்காத."

"சொன்னா நிலம் யாருக்குன்னு தீந்துடுமா?"

"உன் வார்த்தைதான் இன்னிக்குத் தீர்ப்பு."

பொய் சொல்லவில்லை பாருங்கள்! வக்கீல் வக்கீல்தான்.

டெயோ அவள் கையைப் பிடித்து இழுத்தான். "அம்மா, உள்ள வாயத் தொறக்காத. ஊரு பாத்துக்கும். அவன் தேனொழுகப் பேசுறத நம்பாத."

"போடா பயந்தாங்கொள்ளி! மணி மேல கை வெச்சு உன்ன மகனாக்கினவ நான். அந்தச் சத்தியத்த இன்னிக்கு முழுங்கச் சொல்றியா?"

உள்ளே நீதிபதி ஆங்கிலத்தில் பேசினார், பக்கத்தில் ஒருவன் எங்கள் பேச்சில் மாற்றிச் சொன்னான். லெய்கி மேலங்கியை இழுத்துப் போர்த்திக்கொண்டு, கோயிலில் நின்ற மாதிரியே நிமிர்ந்து நின்று உரக்கச் சொன்னாள்.

"டெயோ கிரிஃபித் மகன். எனக்குப் பொறந்தவன். மணி சாட்சி!"

"கிரிஃபித் உன்னக் கல்யாணம் பண்ணிக்கிட்டாரா?" என்று நீதிபதியின் கேள்வியை அந்த ஆள் மாற்றிக் கேட்டான்.

"அது எப்படிப் பண்ணுவாரு? வீட்டுலதான் பெண்டாட்டி இருந்தாங்களே, இந்த மோரஸோட அம்மா!"

லெய்கி வென்றவள்போல மகனைப் பார்த்தாள். நுணலும் தன் வாயால் கெடும் என்பது இதுதான். பழைய சட்டத்தில் மகனை மகனாக்கிய அதே வார்த்தை, ராஜாவின் சட்டத்தில் அவனை யாருக்கும் மகன் இல்லாதவனாக்கியது. மணம் செய்யாதவளுக்குப் பிறந்தவனுக்கு அப்பன் கிடையாது, அப்பன் இல்லாதவனுக்குப் பங்கும் கிடையாது. தீர்ப்பு அவ்வளவுதான். மோரஸ் எழுந்து வந்து அவள் தோளிலிருந்து மேலங்கியை எடுத்துக்கொண்டான்.

தெருவில் டெயோ அவளிடம் ஒன்றுதான் சொன்னான். "உன் வாயாலயே, அம்மா." பிறகு பேச்சை நிறுத்திவிட்டான். நெஸ்டை அழைத்துக்கொண்டு மலைமேல் யாரோ ஒருவனுக்கு ஆடு மேய்க்கப் போய்விட்டான். லெய்கி பின்னாலேயே போனாள். கதவு திறக்கவில்லை.

மோரஸ் சீமான் ஆனான், லண்டன் சபையில் எங்கள் நாட்டுக்கு உறுப்பினன் ஆனான். சொத்துச் சேர்ந்துவிட்டால் புண்ணியமும் வேண்டுமே! டெயோவின் நிலத்தில் இலக்கணப் பள்ளி ஒன்று கட்டினான். டெயோ பொறுக்கிப் போட்ட கல்லே சுவராயிற்று. விதிகளை அவனே எழுதினான். முதல் விதி, கோயிலில் மணந்தவர்களுக்குப் பிறந்த பிள்ளைகள் மட்டுமே இங்கே படிக்கலாம் என்பது. டெயோவுக்கு நாளை பிள்ளை பிறந்தால் அதற்குத் தடையில்லைதான். ஆனாலும் சம்மட்டி அடி யாருக்கு என்று ஊருக்குத் தெரியும். ராஜாவின் ஆட்கள் கோயிலைச் சுரண்டிக்கொண்டு போனபோது புனிதரின் மணியை மோரஸ் கேட்டு வாங்கிப் பள்ளி வாசலில் தொங்கவிட்டான். அதை அடிக்கவும், தரை கூட்டவும் லெய்கியை வைத்தான். அவளும் போனாள். வயிறு இருக்கிறதே, சனியன்.

ஞாயிறுதோறும் வெண்ணெய்க் கட்டி ஒன்றை மலைக்கு எடுத்துப்போய் டெயோவின் வேலிச் சுவரில் வைத்துவிட்டு வருவாள். அவன் அதைத் தொடமாட்டான். நாய் தின்னும். 'ஒரு வார்த்தை பேசட்டும், திட்டட்டும், அது போதும்' என்று அவள் போகாத ஞாயிறில்லை.

மோரஸின் மனைவிக்குப் பிள்ளை இல்லை. ஆனால் நகரத்தில் ஒரு நெசவுக்காரன் மகள் இருந்தாள். அவளுக்கு மாதம் நிறைந்தபோது மோரஸ் அவளைக் காதும் காதும் வைத்தாற்போல மலைக்குடிலுக்குக் கொண்டுவந்து, லெய்கியைக் கூப்பிட்டனுப்பினான். ஆண்பிள்ளை பிறந்தது. பெற்றவள் பிழைக்கவில்லை. மெய்ரிக் என்று பேரிட்டு எங்கோ வளர்க்கக் கொடுத்து, வளர்ந்த பிறகு, செத்துப்போன தூரத்து உறவினன் ஒருவனின் மகன் என்று சொல்லித் தன் பள்ளியிலேயே சேர்த்தான். கெட்டிக்காரப் பிள்ளை. கூட்டுகிறவளை ஏறிட்டுப் பார்க்காத பயல்களுக்கு நடுவே, "லெய்கியம்மா, குனியாதீங்க, நான் எடுக்கிறேன்" என்று வாளியைத் தூக்குவான்.

மோரஸ் படுக்கையில் விழுந்தபோது அவளைத்தான் வரச்சொன்னான். முகம் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டிருந்தது.

"சின்னம்மா, அந்தப் பையனுக்குப் படிப்ப விட்டா வேற நாதியில்ல. நான் எழுதின விதியே அவன் கழுத்துல நிக்குது. மாத்தலாம்னா மாத்த முடியாதபடி நானே முத்திரை வெச்சுட்டேன். நீ வாயத் தொறக்காத."

"அன்னிக்குத் தொறக்கச் சொன்னீங்க."

"சின்னம்மா..."

"சரி, ஐயா" என்றாள். அவன் கண்ணை மூடினான். அவள் மனதில் என்ன இருந்தது என்று கேட்டால், அப்போது ஒன்றும் இல்லை என்றுதான் சொல்ல வேண்டும்.

அவன் புதைந்த பிறகு ஊர் வாய் சும்மா இருக்குமா? பையனின் மூக்கு மோரஸின் மூக்கு என்று பேச்சுக் கிளம்பியது. ஆசிரியர் ரெய்னால்ட் நல்ல மனிதர்தான், ஆனால் விதி என்றால் நடுங்குவார். லெய்கியை மணியடியில் நிறுத்தினார். பையனும் நின்றான்.

"நீ தெரியாதுன்னு சொன்னா போதும், லெய்கி. நான் அதோட விட்டுடுவேன். உனக்கு ஏதாவது தெரியுமா?"

வழியையே காட்டிக்கொடுத்தார் மனிதர். லெய்கி மணியைப் பார்த்தாள். அவள் தேய்த்துத் தேய்த்துப் பளபளத்த மணி. மேலே சுவரைப் பார்த்தாள். ஒவ்வொரு கல்லும் டெயோவின் கை பட்டது. அப்போதுதான் அவளுக்குள் அது எழும்பியது. வெறுப்புதான், அதற்கு வேறு பேர் வேண்டாம். வலது கையை மணியின் மேல் வைத்தாள். இடது கையைப் பையனின் தலைமேல் வைத்தாள். தன்னைக் காப்பாற்றத்தான் தொடுகிறாள் என்று நினைத்து அவன் அவளை நிமிர்ந்து பார்த்துச் சிரித்தான்.

"இவன் மோரஸ் மகன். கட்டாதவளுக்குப் பொறந்தவன். என் கைதான் இவன வெளிய இழுத்துச்சு."

கை மணியோடு ஒட்டவில்லை. உண்மைதானே சொன்னாள்.

மதியத்துக்குள் பையனின் மூட்டையை வாசலில் வைத்துவிட்டார்கள். "நான் எங்க போறது, லெய்கியம்மா?" என்று கேட்டான். அவள் காதில் வாங்கவில்லை. விளக்குமாற்றைப் போட்டுவிட்டு மலையேறிக்கொண்டிருந்தாள். அந்த வயதில் அவள் ஓடினாள் என்று பார்த்தவர்கள் சொல்கிறார்கள்.

டெயோ சரிந்த வேலிக்குக் கல் அடுக்கிக்கொண்டிருந்தான்.

"டெயோ! டெயோ கண்ணு! மோரஸ் பிள்ளைய வெளிய தள்ளிட்டாங்க. அவங்கப்பன் உனக்குப் பண்ணினத அப்படியே திருப்பிக் குடுத்துட்டேன். நான்தான்! மணி மேல கை வெச்சு!"

டெயோ கையிலிருந்த கல்லைக் கீழே வைத்தான். அத்தனை வருஷம் கழித்து அவன் அவளை நேராகப் பார்த்தது அப்போதுதான்.

"இன்னொரு கைய அவன் தலைமேல வெச்சியா?"

பேசிவிட்டான்! லெய்கி இடது கையை அவன் முன்னால் நீட்டினாள். "வெச்சேன்டா. முறைப்படிதான் வெச்சேன். இந்தக் கை."

அவன் அந்தக் கையைப் பார்த்துக்கொண்டே நின்றான். பிறகு சுவரில் கிடந்த மேல்துணியை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டான். தூறல் தொடங்கியிருந்தது.

"அந்தப் பையன் எந்தப் பக்கம் போனான்?"

லெய்கி வாயைத் திறந்தாள். அவளுக்குத் தெரியவில்லை. அவள் திரும்பிப் பார்க்கவே இல்லை.

டெயோ அவளைத் தாண்டிக்கொண்டு, ஆற்றுப் பக்கமாக இறங்கிப் போனான்.