மயிலாப்பூரில் பிரிட்டா கேட்ட கேள்வி

ஸ்டாக்ஹோமில் ரொட்டிக் கடைக்குப் போனால், வாசலில் நம்பர் சீட்டு ஒன்றைக் கிழித்துக்கொண்டு காத்திருக்க வேண்டும். ஒருநாள் அப்படி நின்றபோது பிரிட்டாவும் கையில் சீட்டோடு நின்றுகொண்டிருந்தாள். இந்த நாட்டில் அவள் முகம் தெரியாதவர் கிடையாது. ஒரு காலத்தில் சினிமாக் கதாநாயகி. இப்போது வானொலியிலும் தொலைக்காட்சியிலும் பேட்டி எடுப்பவள். ஒருவராவது திரும்பிப் பார்க்க வேண்டுமே! எனக்குத்தான் மனசு கேட்கவில்லை. பக்கத்தில் நின்ற அம்மாளிடம், "அவர் யார் தெரிகிறதா?" என்றேன். "தெரிகிறதே, எனக்கு முந்தின நம்பர்" என்றாள்.

நான் கல்லூரியில் படித்த நாளில், பாண்டி பஜார் புடவைக் கடைக்கு ஒரு நடிகை வந்தால் கடைக்காரர் பாதி ஷட்டரை இறக்கிவிடுவார். வெளியே கூட்டம் நெரியும். அந்தக் கூட்டத்தில் செருப்பைத் தொலைத்தவள் நான். ஆசை ஆசையாகப் பார்ப்போம். வீட்டுப் பெண் நடிக்கிறேன் என்றால் மட்டும் வானம் இடிந்து விழும். மயிலாப்பூர் சபா ஒன்றில் ஒரே ஒரு நாடகத்தில் நடித்தேன். வீட்டிலிருந்து யாரும் வரவில்லை. மறுநாள் அப்பா, "இதோட போதும்" என்றார். அம்மா வாயே திறக்கவில்லை. கொஞ்ச நாளில் ஸ்வீடன் வரன் வந்தது, கழுத்தை நீட்டினேன். அப்பா மேல்கூட அவ்வளவு கோபமில்லை, அம்மா மேல்தான். அந்தக் கோபத்தையும் பெட்டியில் வைத்துக் கட்டிக்கொண்டுதான் விமானம் ஏறினேன்.

இங்கே தொலைக்காட்சி நிலையத்தில் உடை தைக்கும் வேலை கிடைத்தது. பிரிட்டாவின் பாவாடை விளிம்பில் நான் ஊசி குத்தும்போது அவள் தன் கதையைச் சொல்லுவாள். துறைமுக ஊரில் படகு பழுது பார்ப்பவரின் மகள். பதினேழு வயதில் நாடகப் பள்ளி, பிறகு வரிசையாகப் படங்கள். நாற்பதைத் தாண்டியதும் அம்மா வேஷம்தான் தருவோம் என்றார்கள். போங்கடா என்று வானொலிக்கு வந்துவிட்டாள். அவள் தாய் தேவாலயமே கதி என்று இருந்தவள். நடிப்பது பாவம் என்று மகளின் ஒரு படத்தைக்கூடப் பார்க்காமலே கண்ணை மூடிவிட்டாளாம். இதைச் சொல்லும்போது மட்டும் பிரிட்டா கண்ணாடியைப் பார்க்கமாட்டாள்.

வெளிநாட்டிலிருந்து வந்தவர்களைப் பற்றி, அவர்களுடைய அம்மாக்களைக் கேட்டு ஒரு வானொலி நிகழ்ச்சி செய்ய நினைத்தாள். அப்படித்தான் போன குளிர்காலத்தில் அவளோடு மெட்ராஸ் வந்து இறங்கினேன். விமான நிலையத்திலிருந்து மயிலாப்பூர் வீட்டுக்கு டாக்சியில் போகும்போது டிரைவர் கேட்டார்: "இன்னாம்மா, இவங்க சினிமாவுல கீறாங்களா?" ஆமாம் என்றதும் கண்ணாடியைத் திருப்பி அவளையே பார்த்துக்கொண்டு ஓட்டினார். பிரிட்டாவுக்கு ஒரே சந்தோஷம், எனக்கு உயிர் போய் உயிர் வந்தது.

அப்பா காலமாகிவிட்டிருந்தார். என்னை மேடை ஏற விடாத அதே வீட்டில், இந்த நடிகைக்கு அம்மா தலை வாரிப் பூ வைத்துவிட்டாள். எனக்கு வயிறு எரிந்தது. பிரிட்டாவிடம் ஒரு வழக்கம் உண்டு: ஒரு கேள்வி கேட்பாள், பதில் வரும்வரை வாயைத் திறக்கமாட்டாள். டேப் ரெக்கார்டரைப் போட்டுவிட்டு அம்மாவிடம் கேட்டாள். நான் தரையைப் பார்த்துக்கொண்டே மொழிபெயர்த்தேன்.

"நான் சபாவில நடிச்சதை நீ பார்த்திருக்கியான்னு கேக்கறா."

வழக்கமாக இந்த மாதிரி நேரத்தில் அம்மா காபி கலக்க எழுந்து போய்விடுவாள். அன்று எழுந்திருக்கவில்லை. டேப் சுற்றிக்கொண்டே இருந்தது.

"பார்த்தேன்டி. கோவிலுக்குப் போறேன்னு அப்பாகிட்ட சொல்லிட்டு வந்தேன். கடைசி வரிசையில ஒக்காந்துண்டு பார்த்தேன். நன்னா நடிச்சே."

"ஏம்மா சொல்லலை?"

"சொன்னா நீ நடிக்கறதை விட்டிருப்பியா? ஆத்துல தினம் சண்டைதான். எனக்குத் தைரியம் இல்லடி."

அம்மா அழுதாள், நானும் அழுதேன். பிரிட்டா ஒன்றும் புரியாமலே எங்களோடு சேர்ந்து அழுதாள். புரிந்த பிறகு இன்னும் அழுதாள்.

நிகழ்ச்சி போன ஞாயிற்றுக்கிழமை ஒலிபரப்பானது. வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. நானும் கணவரும் சமையலறையில் உட்கார்ந்து கேட்டோம். அம்மா "பார்த்தேன்டி" என்று தொடங்கியதுமே அவள் குரலைத் தாழ்த்தி, அதன்மேல் நான் படித்துப் பதிவு செய்திருந்த மொழிபெயர்ப்பை ஏற்றிவிட்டார்கள். ஸ்வீடிஷில் கணீரென்று பேசினேன் நான். அந்தச் சத்தத்துக்கு அடியில் அம்மா நன்னா நடிச்சே என்று சொல்லிக்கொண்டிருந்தாள். ரேடியோவில் காதை ஒட்டவைத்து, என் குரல் எப்போது நிற்கும் என்று காத்திருந்தேன்.