இறுதிப் பாடலில் எண்ணும் குரல்

2005 செப்ரெம்பர்: மகனின் இசைக்குழு தனது முதலாவது இசைத்தொகுப்புக்கான ஒலிப்பதிவைத் தொடங்கியது.
டிசெம்பர்: இறுதிப் பாடல் தவிர்ந்த ஏனையவற்றுக்கு மகன் டிரம்ஸ் வாசித்து முடித்தான்.
2006 ஜனவரி: மூளையில் ஏற்பட்ட இரத்தக்கசிவினால் இறந்தான். வயது இருபத்தாறு.
பெப்ரவரி: குழுவினர் எங்களிடம் ஒரு முடிவைக் கேட்டனர்.

அவர்கள் வாசித்தது புரோகிரெசிவ் றொக். பாடல்கள் நீளமானவை, நடுவழியில் தாளம் மாறும். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் மிருதங்கம் பயின்று, பிறகு அதைக் கைவிட்டு டிரம்ஸுக்குப் போனவன் மகன். ஆனாலும், ஏழு எண்ணிக்கை வரும் இடங்களில் தன்னோடு வாசித்த மூன்று ஆங்கில இளைஞர்களையும் ‘தகிட தகதிமி’ என்று சொல்லிப் பழக்கியிருந்தான். ஆங்கில எண்களில் எண்ணினால் அவர்கள் நான்காவதிலேயே தடுமாறினார்களாம்.

ஒரு ஞாயிறு பிற்பகல், அவர்களில் கிற்றார் வாசிப்பவர் ரெய்னர்ஸ் லேனில் உள்ள எங்கள் வீட்டுக்கு, அந்தப் பாடலைப் பதிந்த ஓர் இறுவட்டுடன் வந்தார். இறுதிப் பாடலில் டிரம்ஸ் இல்லை. மற்றவர்கள் பிசகாமல் வாசிப்பதற்காக மகன் தாளத்தை எண்ணிய குரல் மாத்திரம் அதில் பதிவாகியிருந்தது. குரலை அப்படியே விட்டு வெளியிடுவதா, அதை நீக்கி வேறொருவரைக் கொண்டு வாசிப்பிப்பதா என்று பெற்றோரே சொல்லவேண்டும் என்றார். குரல் இருக்கட்டும் என்று நான் அக்கணமே மனத்துக்குள் முடிவுசெய்துவிட்டேன்.

இறப்புத் தீட்டான துடக்கைக் கழிக்கும் அந்தியேட்டிச் சடங்கு அப்போது நடந்திருக்கவில்லை. அதுவரை வீட்டில் பாட்டுச் சத்தம் கேட்கக் கூடாது. அந்த இளைஞர் ஸ்டீரியோவை நோக்கிப் போனதும் என் மனைவியின் தம்பி எழுந்துவிட்டார்.

“அத்தான், அந்தப் பிள்ளைக்குச் சொல்லுங்கோ. அந்தியேட்டி முடியாமல் இங்க பாட்டுப் போட ஏலாது.”

“காருக்க இருந்து கேப்பம்,” என்றாள் மனைவி.

“காருக்கு மட்டும் துடக்கு இல்லையோ, அக்கா?”

“கார் ஜப்பான்காரன்ர. அதுக்கு எங்கட துடக்கு வராது. நீ போய்த் தேத்தண்ணி வை.”

கார்க் கண்ணாடிகளை ஏற்றிவிட்டு மூவரும் அமர்ந்தோம். முதலில் ஓர்கன், அதன் அடியில் பேஸ் கிற்றார். பிறகு, எனக்கு மிக அருகில், ‘தகிட தகதிமி’. சற்றுச் சளி பிடித்த குரல். ஒவ்வொரு சுற்றுக்கும் முன் மூச்சை உள்ளிழுக்கும் ஒலி. ஓரிடத்தில் யாரையோ பார்த்துச் சிரித்துவிட்டுத் தாளம் தவறாமல் தொடர்ந்தான். மனைவி கைப்பையின் வாரை இறுகப் பிடித்திருந்தாள். கண்ணாடிகள் மூச்சில் மங்கின. மூவருடைய மூச்சுக்கு அது அதிகம் என்று எனக்குத் தோன்றியது.

பாட்டு முடிந்ததும் அவள் அந்த இளைஞரைத் திரும்பிப் பார்த்து ஆங்கிலத்தில் கேட்டாள்: “இதை இப்படியே வெளியிட அவன் சம்மதித்திருப்பானா?”

அவர் தயங்கினார். “இல்லை, அன்ரி. அரைகுறை வேலையை விற்றதற்காக எங்கள் மூவரையும் குழுவிலிருந்து துரத்தியிருப்பான். முதலில் என்னை.”

அவள் சிரித்துவிட்டாள். பிறகு சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு என்னிடம் சொன்னாள்:

“எடுத்துவிடச் சொல்லுங்கோ. அவன் முடிக்காததை ஊருக்குக் காட்ட வேண்டாம். நீங்கள் என்ன சொல்றியள்?”

“ஓம்,” என்றேன். மறுத்து வாதிட என்னிடம் நியாயம் எதுவும் இருக்கவில்லை. ஆசை மாத்திரமே இருந்தது.

மனைவி இறங்கி உள்ளே போனபின், காரிலேயே இருந்த அந்த இறுவட்டைப் பின்னர் திருப்பித் தருமாறு இளைஞர் என்னிடம் கேட்டுக்கொண்டார்.

கோடையில் தொகுப்பு வெளிவந்தது. வேறொருவர் செம்மையாகவே வாசித்திருக்கிறார். ஆயினும் டிரம்ஸ் தொடங்குவதற்குச் சற்று முன் யாரோ மூச்சை உள்ளிழுப்பது எனக்குக் கேட்கிறது. மனைவிக்குக் கேட்பதில்லை. அவ்விடத்தில் எதுவும் மிஞ்சவில்லை என்று கிற்றார் வாசிப்பவரும் உறுதியாகச் சொல்கிறார். ரயில் கதவுகள் மூடுமுன் எழும் சிற்றோசையிலும் இப்போது அதே மூச்சு. நான் ஏறாமல் நின்றுவிட்ட நாள்களும் உண்டு.

இன்னும் செய்யாதவை:

குழுவின் நோர்பரி ஒத்திகை அறையிலிருந்து அவனுடைய டிரம்ஸை எடுத்துவருதல்.

அவனுக்குப் பதிலாக வாசித்தவருக்கு நன்றி எழுதுதல்.

இறுவட்டைத் திருப்பிக் கொடுத்தல். அதற்கு முன், அது என்னிடம் இருப்பதை மனைவியிடம் சொல்லுதல்.