பணியாரத்துக்கும் பச்சை விளக்கு

பெல்சி எங்கள் ஆபீசில் சேர்ந்த நாளிலிருந்தே எனக்கு அவள்மேல் ஒரு எரிச்சல் உண்டு. எதையும் ஒரே பேச்சில் ஒப்புக்கொள்ள மாட்டாள். கரண்ட் போய்விட்டது என்று சொன்னால் எழுந்துபோய் சுவிட்சைப் போட்டுப் பார்ப்பாள். டீக்கடையில் சர்க்கரை இல்லாத டீ எது என்று கடைக்காரர் காட்டினாலும், ஒரு வாய் குடித்துவிட்டுத்தான் எனக்குத் தருவாள். எனக்குச் சர்க்கரை வியாதி என்பதால் அதையும் பொறுத்துக்கொண்டேன்.

அந்தக் குணம் எங்கிருந்து வந்தது என்று ஒரு நாள் கேட்டேன். அவள் ஊர் அமராவதிபுதூர். அப்பா சின்னராஜ் பள்ளிக்கூட வாத்தியார். வீட்டில் எந்தக் குழம்பு வைத்தாலும் "நல்லாருக்கு" என்பாராம். இவளுக்குப் பன்னிரண்டு, பதிமூன்று வயது இருக்கும்போது, வேண்டுமென்றே உப்புப் போடாமல் ஒரு சாம்பார் வைத்திருக்கிறாள். அவர் பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல் அன்றைக்கும் "நல்லாருக்கு" என்றிருக்கிறார்.

"அன்னைக்கிலருந்து அப்பா நல்லாருக்குன்னு சொன்னா நான் கணக்குலயே எடுத்துக்கிறதில்லைண்ணே. அம்மா ஒரு நாளு நல்லாருக்கும்பாங்க, ஒரு நாளு தட்டைத் தள்ளிவிடுவாங்க. அவுங்க சொன்னா நம்பலாம்."

காரைக்குடி செக்காலைப் பக்கம் ஒரு மாடியில் எங்கள் ஆபீஸ். தோட்டத்து மோட்டாரில் மாட்டும் ஒரு சின்னப் பெட்டியைச் செய்து விற்கிறோம். போர்வெல்லில் தண்ணீர் வற்றிய பிறகும் மோட்டார் ஓடிக்கொண்டிருந்தால் கருகிவிடும். அதற்கு முன்னால் பெட்டி தோட்டக்காரரின் போனுக்கு ஒரு மிஸ்டு கால் கொடுக்கும். அவர் போய் மோட்டாரை நிறுத்த வேண்டும். பெட்டியே நிறுத்திவிடலாம்தான். ஆனால் தப்பாக நிறுத்தி வைத்தால் பயிர் காயுமே என்று பயப்படுகிறவர்கள், கூப்பிட்டால் போதும், நாங்கள் பார்த்துக்கொள்கிறோம் என்பார்கள். நிரல் எழுதுவது முகேஷ். அதைச் சோதிப்பது பெல்சி. பெட்டியை மாட்டிவிட்டு, பிறகு போனில் வசவு வாங்குவது நான்.

அந்த மாசி மாதம் பெட்டிக்குப் புது நிரல் போட வேண்டியிருந்தது. முதலில் போடப்போவது திருப்பத்தூருக்கு அப்பால் கத்தரி வைத்திருந்த சோணையம்மாளின் பெட்டியில். போன கோடையில் அந்த அம்மாவின் மோட்டார் கருகி, காய்க்கிற நேரத்தில் செடி மொத்தமும் கண் முன்னால் காய்ந்துபோனது. அதற்குப் பிறகுதான் எங்கள் பெட்டியை வாங்கினார்.

"இந்த வருசமும் மோட்டாரு போச்சுன்னா வெள்ளாமை வேணாம்னு எழுந்து போயிருவேன் தம்பி. ஒங்க பெட்டிய நம்பித்தான் நட்டிருக்கேன்," என்று என்னிடம் சொல்லியிருந்தார். அந்தப் பேச்சு எனக்கு நெஞ்சில் கல்லாகக் கிடந்தது.

பெட்டிக்குள் நடப்பது இவ்வளவுதான். மோட்டாரைக் கவனிக்கும் நிரல் ஒன்று, 'ஓடுகிறது', 'தண்ணீர் இல்லை' என்று திரையில் எழுதிக்கொண்டே இருக்கும். முகேஷ் பைத்தான் மொழியில் எழுதிய துணை நிரல், லைப்ரரி என்போம், அந்த எழுத்தை வழியிலேயே பிடித்து, ஒரு வரி முடிந்ததும் அதற்கென்று வைத்திருக்கும் ஃபங்ஷனை, அதாவது ஒரு குட்டி நிரலை, கூப்பிடும். இந்தத் தொழிலில் அதற்குக் கால்பேக் என்று பெயர். அந்தக் கால்பேக்தான் சோணையம்மாளுக்குப் போன் போடும்.

இதற்கு முகேஷ் டெஸ்டும் எழுதி வைத்திருந்தான். பொய் மோட்டார் ஒன்றை ஓடவிட்டு 'தண்ணீர் இல்லை' என்று எழுதவைப்பது; கால்பேக்குக்குள்ளே நின்று, கைக்கு வந்த வரி அதேதானா என்று பார்ப்பது. டெஸ்ட் பச்சை காட்டியது, எல்லாம் சரி என்று அர்த்தம். நான் பையை எடுத்துத் தோளில் மாட்டிவிட்டேன். திருப்பத்தூர் பஸ்ஸுக்கு நேரமாகிக்கொண்டிருந்தது.

"கொஞ்சம் இருங்கண்ணே," என்றாள் பெல்சி.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. "பச்சைதானே வந்திருக்கு. இன்னும் என்ன?"

"உப்பில்லாம ஒரு தடவை குடுத்துப் பாக்குறேன்."

'தண்ணீர் இல்லை' வர வேண்டும் என்று டெஸ்டில் இருந்த இடத்தை அழித்துவிட்டு, அங்கே 'பணியாரம்' என்று எழுதினாள். மோட்டார் பணியாரம் என்று எந்தக் காலத்திலும் சொல்லப்போவதில்லை. ஆகவே டெஸ்ட் சிவப்புக் காட்ட வேண்டும். ஓட்டினாள். பச்சை.

முகேஷ் நாற்காலியை உருட்டிக்கொண்டு வந்தான். "ஃபைலை சேவ் பண்ணினியா?"

"பண்ணியாச்சு." மறுபடி ஓட்டினாள். பச்சை. 'முறுக்கு' என்று மாற்றினாள். அதற்கும் பச்சை. எனக்கே சிரிப்பு வந்துவிட்டது. பையைக் கழற்றி வைத்துவிட்டு நானும் பக்கத்தில் போய் நின்றேன். பஸ்ஸைப் பற்றிய நினைப்பு போயே போய்விட்டது.

கால்பேக்குக்குள் 'வந்துட்டேன்' என்று திரையில் எழுதச் சொல்லி ஒரு வரி சேர்த்தாள். ஓட்டியதும் திரையில் ஒன்றும் வரவில்லை.

"அது வராது," என்றான் முகேஷ். "டெஸ்ட் ஓட்டுற கருவி, நடுவுல யாரு என்ன எழுதினாலும் தானே பிடிச்சு வச்சுக்கிரும். டெஸ்ட் தோத்தாத்தான் காட்டும்."

"அப்ப பிடிக்காதேன்னு சொல்லிப் பாப்போம்." அதற்கும் ஒரு வழி இருக்கிறதாம். பிடிப்பதை நிறுத்திவிட்டு ஓட்டினாள். பொய் மோட்டார் எழுதியது திரையில் வந்தது. கால்பேக்கின் 'வந்துட்டேன்' மட்டும் வரவே இல்லை.

அவள் டெஸ்டை மேலிருந்து கீழ்வரை ஒரு முறை படித்தாள். பிறகு பெல்சி மெதுவாகச் சொன்னாள். "கால்பேக்கை யாருமே கூப்பிடலை. கூப்பிட்டாத்தானே உள்ள போயி சரியா தப்பான்னு பாக்கும்? யாரும் கூப்பிடலைன்னா தப்பே இல்லைன்னு பச்சையப் போட்டுருது."

ஏன் கூப்பிடவில்லை என்பதை முகேஷே கண்டுபிடித்தான். பெட்டியின் சின்னத் திரையில் எழுத்து ஓடிக்கொண்டே இருக்கிறது, படிக்க முடியவில்லை என்று தோட்டக்காரர்கள் குறைப்பட்டிருந்தார்கள். அதிகம் குறைப்பட்டது சோணையம்மாள்தான். அதனால் புது நிரலில், வரியை முடித்து அடுத்த வரிக்குப் போகாமல், அதே இடத்தில் அழித்து அழித்து எழுதும்படி மாற்றியிருந்தான்; பொய் மோட்டாரும் அப்படியேதான் எழுதியது. லைப்ரரியோ வரி எப்போது முடியும் என்று காத்துக்கொண்டே இருந்தது. முடியவே முடியாத வரிக்கு அது யாரைக் கூப்பிடும்? தண்ணீர் வற்றியிருந்தால் பெட்டி திரையில் அழகாக எழுதிக் காட்டிக்கொண்டு நின்றிருக்கும். வீட்டில் இருக்கும் சோணையம்மாளுக்குப் போன் வந்திருக்காது.

அந்தப் பையோடு நான் பஸ் ஏறியிருந்தால் என்று நினைக்கவே பயமாக இருந்தது.

முகேஷ் லைப்ரரியைத் திருத்தினான். பெல்சி டெஸ்டைத் திருத்தினாள். கால்பேக்கைக் கூப்பிடும்போதெல்லாம் கைக்குக் கிடைத்ததைச் சேர்த்து வைத்துக்கொண்டு, எல்லாம் முடிந்த பிறகு, 'ஏதாவது வந்ததா' என்று முதலில் கேட்கிற மாதிரி. இப்போது பணியாரத்துக்குச் சிவப்பு வந்தது. அந்தச் சிவப்பைப் பார்த்து அவளுக்கு அவ்வளவு சந்தோஷம்.

அதோடு விட்டிருக்கலாம். ஆனால் மறுநாள் காலை அவள் ஆபீசுக்குள் நுழைந்ததும் வழக்கம்போல, பத்திரமாக வந்துசேர்ந்தேன் என்று அம்மாவுக்கு ஒரு மிஸ்டு கால் கொடுத்தாள். அவள் அம்மா அற்புதம்மாளுக்கு அது வந்தாக வேண்டும். வராவிட்டால் அடுத்த போன் எனக்குத்தான். போனைக் கையில் வைத்தபடியே பெல்சி நின்றுவிட்டாள்.

"அண்ணே, பெல்லு வந்தா எங்கம்மாவுக்கு நிம்மதி. சோணையம்மாவுக்கு வரலைன்னா நிம்மதி. பெட்டி செத்துக் கெடந்தாலும் அவுங்க நிம்மதியாத்தான் இருப்பாங்க, இல்லையா?"

முகேஷ் தலையைச் சொறிந்தான். அன்றைக்கே நிரலில் இன்னொன்றும் சேர்ந்தது. பெட்டி தினமும் சாயங்காலம் விளக்கு வைக்கும் நேரத்தில், சும்மா ஒரு மிஸ்டு கால் கொடுக்கும். நான் நலம் என்று அர்த்தம்; அது வராவிட்டால் போய்ப் பார்க்க வேண்டும். சோணையம்மாளிடம் இதை விளக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். "பெல்லு அடிச்சாலும் ஓடணும், அடிக்காட்டியும் ஓடணுமாக்கும்?" என்று கேட்டுவிட்டு, சரி என்றார்.

பங்குனிக் கடைசியில் ஒரு நாள் விடியற்காலையில் அவரிடமிருந்து போன் வந்தது. "நேத்து விளக்கு வைக்கயில பெல்லு வரலை தம்பி. நீங்க சொன்னீகளேன்னு டார்ச்ச எடுத்துக்கிட்டுப் போனேன். மோட்டாரு காத்தை இழுத்துக்கிட்டு ஓடுது. தொட்டா கை சுடுது. நிப்பாட்டிட்டேன். கருகலை."

பெட்டியில் என்னதான் ஆயிற்று என்று பார்க்க நான் கிளம்பினேன். போனில் சொன்னதும் பெல்சியும் வீட்டிலிருந்தே கிளம்பிவிட்டாள். முதல் பஸ்ஸைப் பிடிக்கிற அவசரத்தில் ஆபீசுக்குப் போகாமலே நேராகப் பஸ் ஸ்டாண்டுக்குப் போய்விட்டோம். அங்கே போய்ப் பார்த்தால், பெட்டிக்கு வரும் வயரை எலி கடித்து வைத்திருந்தது. பெட்டியில் உயிரே இல்லை. பக்கத்தில் கத்தரி பூவும் பிஞ்சுமாக நின்றது.

சோணையம்மாள் பெல்சியின் கையைப் பிடித்துக்கொண்டார். "செடியப் பாத்தியா ஆத்தா? ஒன்னுகூட வாடலை." அவருக்குக் கண் கலங்கியிருந்தது. எனக்கும்தான், மறைப்பானேன்.

பெல்சி குனிந்து வயரைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். "எங்குட்டுக்கூடி உள்ள வந்திருக்கும்ணே? எலி கடிக்கிற மாதிரி ஒரு டெஸ்ட் எழுத முடியுமா?"

அப்போது என் போன் அடித்தது. அற்புதம்மாள்.

"தம்பி, பெல்சி ஒங்ககூட இருக்காளா? மணி பத்தாகப் போகுது. இன்னைக்குப் பெல்லு வரலையே."