கல்வீட்டுப் புகை

அரூரில் கூடாரம் போட்டு சினிமா காட்டிக்கொண்டிருந்த காலம். எனக்குக் கல்யாணமாகி இரண்டாவது வருஷம். என் வீட்டுக்காரருக்கு இருமும்போது ரத்தம் வர ஆரம்பித்திருந்தது. யாரும் வியாதியின் பேரைச் சொல்லவில்லை. ஆனால் அவர் குடித்த சொம்பை மாமியார் தனியாகக் கவிழ்த்து வைத்தார். அதிலேயே எனக்கு விளங்கிவிட்டது.

சினிமாவுக்குப் போக ஆசைப்பட்டவர் அவர்தான். சாயங்கால ஆட்டம், வெள்ளைக்காரப் படம். திரைக்குப் பக்கத்தில் ஒருத்தர் நின்றுகொண்டு கதையைத் தமிழில் உரக்கச் சொன்னார். பாலைவனத்து மலைக்கு அடியில் உலகம் மறந்துபோன ஒரு நகரம். அங்கே பூமி வெடிப்பிலிருந்து வரும் புகையை இழுத்து இழுத்து, ராணியும் ஜனங்களும் பல நூறு வருஷமாக இளமையாகவே இருக்கிறார்கள். கடைசியில் மலை குலுங்கி வெடிப்பு மூடிக்கொள்கிறது. ராணியின் கன்னம் ஒட்டியது, தலை நரைத்தது, கைவிரல்கள் சுள்ளி மாதிரி காய்ந்தன. எல்லாம் எங்கள் கண்ணெதிரே. பெண்கள் பக்கம் ஒரே அலறல். நான் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டேன்.

வண்டியில் திரும்பும்போதும் நான் முந்தானையை முகத்திலிருந்து எடுக்கவில்லை. அவர் முகத்திலோ அப்படி ஒரு வெளிச்சம்.

"அந்தப் பொகைய இழுத்தாங்க பாத்தியா புள்ள? நோய் நொடியே இல்ல."

"கடைசில என்ன ஆனாங்கன்னு பாக்கலீங்களா?"

ஒரே படத்தில் அவர் முன்பாதியை எடுத்துக்கொண்டார், நான் பின்பாதியை எடுத்துக்கொண்டேன்.

அப்புறம் சந்தையில் யாரோ அவரிடம் ஒரு சாமியாரைப் பற்றிச் சொல்லியிருக்கிறார்கள். சித்தேரி மலையடிவாரத்துக் கல்வீட்டில் உட்கார வைத்து மூலிகைப் புகை போடுகிறாராம், எந்த நோயும் தீர்ந்துவிடுமாம். ஒருநாள் காலையில் எழுந்து பார்த்தால் அவரைக் காணோம். கல்வீட்டுக்குத்தான் போயிருப்பார் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. எங்கள் வீட்டுக்குக் கடுக்காய் விற்க வரும் மலைக்காரப் பெண் அன்று தெருவில் வந்தாள். அவளைக் கூட்டிக்கொண்டு கிளம்பினேன்.

"போவாத. அவனே வருவான்" என்றார் மாமியார். சொல்லிக்கொண்டே வாசல்வரை கூடவே வந்தார்.

வழியில் அந்தப் பெண்ணிடம் கேட்டேன், "அந்தக் கல்வூடு யாரு கட்டுனது?"

"அந்தக் காலத்து ஜனங்கம்மா. அவுங்களுக்குச் சாவே வராதாம். வயசாவ ஆவ சுருங்கிச் சுருங்கி பூனக்குட்டி கணக்கா ஆயிருவாங்களாம். அப்பறம் அதுக்குள்ள வெச்சி, சோறுந் தண்ணியும் வெச்சி மூடிருவாங்களாம். நாங்க அந்தப் பக்கம் ஆடுகூட ஓட்ட மாட்டோம்."

ஏன் கேட்டோம் என்று ஆகிவிட்டது.

கரட்டு மேட்டில் நாலு பக்கமும் பலகைக் கல், மேலே ஒரு பெரிய மூடுகல். முன்கல்லில் ஓர் ஆள் தவழ்ந்து நுழையும் அளவுக்கு வட்ட ஓட்டை. அதை ஈரச்சாக்கால் அடைத்திருந்தது. இடுக்குகளில் மஞ்சளாகப் புகை கசிந்தது. உள்ளேயிருந்து இருமல் சத்தம் வந்தது. அது அவர் இருமல்தான். வெளியே சாமியார் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார்.

நான் சாக்கைப் பிடுங்கினேன். சாமியார் எழுந்து கத்தினார்:

"தொடாதே! பாதியில வெளிய இழுத்தா, வாழ வேண்டிய வயசெல்லாம் ஒரேயடியா அவன்மேல எறங்கிடும்!"

என் கை அப்படியே நின்றுவிட்டது. சுள்ளி மாதிரி காய்ந்த விரல்கள் கண்ணுக்குள் வந்தன. பூனைக்குட்டி மாதிரி சுருங்கியவர்களும் வந்தார்கள். இழுக்கவும் பயம், விடவும் பயம். உள்ளே இருமல் திடீரென்று நின்றது. அதைவிடப் பெரிய பயம் எனக்கு அதுவரை வந்ததில்லை. தலையை உள்ளே நுழைத்தேன். கண் எரிந்தது. கைக்கு அவர் தோள் அகப்பட்டது. மலைக்காரப் பெண் என் இடுப்பைப் பிடித்து இழுக்க, நான் அவரை இழுத்தேன்.

வெயிலில் அவர் முகத்தைப் பார்த்து வீறிட்டுவிட்டேன். தலை முழுக்க நரை. கன்னம் சாம்பல் பூத்துக் கிடந்தது. எண்பது வயசுக் கிழவர் என் மடியில் கிடந்தார்.

"கத்தாதம்மா, பொறு" என்று அந்தப் பெண் தன் சுரைக்குடுக்கைத் தண்ணீரை அவர் முகத்தில் ஊற்றி, சேலைத் தலைப்பால் அழுத்தித் துடைத்தாள். சாம்பல் வழிந்தது. உள்ளேயிருந்து கறுத்த மீசையும் அவருடைய முகமும் வெளியே வந்தன. மூச்சு வந்தது. கூடவே ரத்தமும் வந்தது. நிமிர்ந்து பார்த்தபோது சாமியார் மூட்டையோடு மேட்டில் இறங்கிப் போய்க்கொண்டிருந்தார்.

மறுநாளே மொரப்பூரில் ரயிலேற்றி சேலம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். பல மாதம் படுத்திருந்தார். ஓரளவு தேறி வந்த பிறகு எங்களுக்கு ஒரு பெண் பிறந்தாள். அவளைத் தூக்கப் பயந்து, தள்ளி உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பார்.

ஒருநாள் அப்படிப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "உள்ள இருந்தப்ப எனக்குப் பயமே இல்ல புள்ள. வெளிய வந்து ஒம் மூஞ்சியப் பாத்தப்பதான் பயந்துட்டேன்."

"எதுக்குங்க?"

"செத்தவனப் பாக்கற மாதிரி பாத்தியே."

குழந்தையைக் கொண்டுபோய் அவர் மடியில் வைத்தேன். மூச்சை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு, வாங்கிக்கொண்டார். அவள் நடை பழகுகிற வரைக்கும் இருந்தார்.