முதல் வாக்கு

டார்ம்ஸ்டாட்டில் கதிர்காமநாதனுக்கு வாய்தான் மூலதனம். எண்பத்தொன்றில் அகதியாக வந்து பதினொரு வருடம் உணவகங்களில் கோப்பை கழுவியவர். தொண்ணூற்று மூன்றில் நகரத்து வெளிநாட்டவர் சபைக்குத் தேர்தல் வந்தபோது வீடு வீடாக ஏறி இறங்கி வென்றார். மேயரோடுகூட மல்லுக்கு நின்று அகதி முகாமுக்கு இரண்டாவது சமையலறை வாங்கிக் கொடுத்தார். யார் என்ன நினைப்பார்கள் என்று அவர் பார்த்ததே இல்லை.

பிறகு ஜெர்மன் குடியுரிமை கிடைத்தது. தொண்ணூற்றேழில் அவர் நீதிமன்றத்துக்கு மக்கள் நீதிபதியாகத் தேர்வானார். சட்டம் படித்த நீதிபதியின் இரு பக்கமும் சாதாரணக் குடிமக்கள் இருவர் அமர்வார்கள். தீர்ப்பில் ஆளுக்கொரு வாக்கு. சம்பளமில்லாத வேலைக்கு மனுஷன் புதுக் கோட்டுத் தைத்தார். மனைவி ஜெயமலர் அதைப் படம் பிடித்து ஊருக்கு அனுப்பினாள்.

மூன்றாவது வழக்கில் எதிரே ஒரு தமிழன் இருந்தான். கணேசலிங்கம், உணவகச் சமையலறை வேலையாள். முதலாளியைக் கத்தியால் குத்தினான் என்பது வழக்கு. கதிர்காமநாதனுக்கு அவனை முன்பின் தெரியாது. நீதிபதி கேட்டபோது அதைத்தான் சொன்னார். ஆனால் தண்டனை விழுந்தால் அடுத்தது நாடுகடத்தல் என்பதும், கொழும்பில் இறங்கும் தமிழனுக்கு என்ன காத்திருக்கிறது என்பதும் தெரியும். பார்வையாளர் வரிசையிலிருந்து அவன் மனைவி இவரையே வைத்த கண் வாங்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நான் குத்தேல்லை ஐயா. சூப் அண்டாவை ரெண்டு கையாலயும் தூக்கிக்கொண்டு வந்தனான். முதலாளி ஈரத்தில சறுக்கி, மேசை விளிம்பில நீட்டிக்கொண்டிருந்த கத்தியில விழுந்தவர்" என்றான் கணேசலிங்கம்.

மொழிபெயர்ப்பாளர் முடிக்கும் முன்பே கதிர்காமநாதனுக்கு விளங்கிவிட்டது. அந்த அண்டாவின் கனம் அவர் கைகளுக்குத் தெரியும். குத்துவதென்றால் அண்டாவைக் கீழே போட்டிருக்க வேண்டும். அப்படியானால் சூப் கொட்டியதா? முதலாளியிடம் கேட்க அவருக்கு உரிமை இருந்தது. கேள்வி நாக்கு நுனிவரை வந்தது. தன் ஆளுக்குச் சாய்கிறான் என்று பக்கத்திலிருப்பவர்கள் நினைத்துவிட்டால்? விழுங்கிவிட்டார்.

மற்ற மக்கள் நீதிபதி ஹில்டகார்ட், பாண் சுட்டு விற்கும் பேக்கரி நடத்துபவள், அதையே கேட்டாள். "ஞாபகமில்லை" என்றார் முதலாளி, அவள் முகத்தைப் பார்க்காமல்.

ஆலோசனை அறையில் மூவர் மட்டும். தமிழ்ச் சங்கக் கூட்டமென்றால் பெரியவர் தலையாட்டிய பக்கம் எல்லோரும் ஆட்டுவார்கள். இங்கே சட்டம் தலைகீழ். மக்கள் நீதிபதிகளில் வயது குறைந்தவர் முதலில் வாக்குச் சொல்ல வேண்டும், நீதிபதி கடைசியில். நாற்பத்தொரு வயதுக் கதிர்காமநாதன்தான் இளையவர். மனம் ஒன்று சொன்னது, பயம் வேறொன்று சொன்னது.

"குற்றவாளி" என்றார்.

ஹில்டகார்ட் அவரை நிமிர்ந்து பார்த்தாள். "எனக்குச் சந்தேகம் இருக்கிறது. விடுதலை." நீதிபதியும் விடுதலை என்றார்.

வெளியே வந்ததும் கணேசலிங்கத்தின் மனைவி ஓடிவந்து அவர் கைகளைப் பிடித்துக்கொண்டாள். "அண்ணை, நீங்கள் உள்ளுக்க இருந்தபடியாத்தான் என்ர மனுசன் தப்பினவர்."

உள்ளே யார் எப்படி வாக்களித்தார் என்பதை வெளியே சொல்லக்கூடாது. அது சட்டம்.

"அதைப் பற்றிக் கதைக்க ஏலாது தங்கச்சி" என்றார்.

அடக்கம் என்று நினைத்து அவள் இன்னும் அழுதாள். வீட்டில் ஜெயமலர் கேட்டபோதும் அதே பதில். அவள் பெருமையாகச் சிரித்தாள். ஒரு வாரத்துக்குள் டார்ம்ஸ்டாட் தமிழர் எல்லோருக்கும் அவர் கணேசலிங்கத்தைக் காப்பாற்றியவர் ஆகிவிட்டார். தன் வாயைக் கட்டிப்போட்ட சட்டத்துக்குக் கதிர்காமநாதன் மனதுக்குள் நன்றி சொன்னார். குற்றவாளி என்று சொன்னதைவிட, அந்த நன்றிதான் அவரை அதிகம் வெட்கப்பட வைத்தது.