மெஷின்மேல் வெட்டி வைத்த எலுமிச்சம்பழம்

மேல்தகட்டைக் கழற்றியதும் காளிதாஸின் மூக்கில் ஏறியது கருகின வாடை இல்லை. எலுமிச்சம்பழ வாடை.

அவர் கையிலிருந்த ஸ்க்ரூடிரைவர் அப்படியே நின்றுவிட்டது. கம்ப்யூட்டரைப் பிரித்து மேய்வதிலேயே தலைமுடி நரைத்த மனுசன். பெட்டிக்குள் பல்லி செத்த வாடை அவருக்குத் தெரியும், எலி மூத்திர வாடை தெரியும். கெப்பாசிட்டர் வெடித்திருந்தால் வாசலிலேயே சொல்லிவிடுவார். ஆனால் எலுமிச்சை வாடையை எந்தப் பெட்டிக்குள்ளும் அவர் பிடித்ததில்லை.

"என்ன அண்ணே, எரிஞ்சி போச்சா?" என்று பக்கத்தில் குனிந்து கேட்டான் திருச்செல்வம்.

"எரிஞ்சா எனக்குத் தெரியாதா லா? தள்ளி நில்லு, வெளிச்சத்த மறைக்காத."

ஜொகூர் மாநிலத்துத் தம்போயில் சின்னச் சின்னப் பட்டறைகள் வரிசையாக இருக்கும் சந்தில்தான் திருச்செல்வத்தின் பட்டறை. இரும்புத் தகடு வெட்டுகிற மெஷின் ஒன்று, அதை ஆட்டிவைக்கிற பழைய கம்ப்யூட்டர் ஒன்று. அவனுடைய சொத்து இந்த இரண்டும்தான். மெஷினுக்குச் சொல் எடுத்துக்கொடுக்கிற நீளமான கார்டு இந்தப் பழைய மதர்போர்டில் மட்டும்தான் உட்காரும். புதுக் கம்ப்யூட்டரில் அதற்கு இடமே கிடையாது. மெஷின் செய்த கம்பெனியோ எப்போதோ மூடிவிட்டது. ஆக, மதர்போர்டு என்கிற அந்தப் பச்சைப் பலகை செத்தால் மெஷின் சாகும், மெஷின் செத்தால் பட்டறைக்குப் பூட்டு.

சனிக்கிழமை சாயங்காலம் ஆயுத பூசை. ஞாயிற்றுக்கிழமை காலையில் பட்டனை அழுத்தினால் கம்ப்யூட்டர் கண்ணே திறக்கவில்லை. சிங்கப்பூருக்குப் போக வேண்டிய தகடுகள் மறுநாள் லாரி ஏற வேண்டும். திருச்செல்வம் அலறி அடித்துக் காளிதாஸுக்குப் போன் போட்டான்.

வேறு யாருக்குப் போடுவான்? காளிதாஸ் சிகாமட் பக்கத்து எஸ்டேட்டில் பிறந்தவர். ஆறாம் வகுப்போடு புத்தகத்தை மூடியவர். பாசிர் கூடாங் ரேடியோ பேக்டரியில் ஈயம் காய்ச்சி ஒட்டுகிற வரிசையில் உட்கார்ந்து, கண்ணாலேயே தொழிலைத் திருடியவர். டிகிரி முடித்தவன் "போர்டை மாத்து, வேற வாங்கு" என்று கை விரித்ததையெல்லாம் மடியில் போட்டு எழுப்பிக் கொடுத்தவர். சிகாமட் வெள்ளத்தில் முங்கிய கம்ப்யூட்டர்களைச் சேறு கழுவி ஓடவிட்ட கதையை அவர் சொல்லிக் கேட்காத ஆள் தம்போயில் இல்லை. கேட்காதவனைக் கூப்பிட்டு உட்கார வைத்தும் சொல்லியிருக்கிறார். சொன்னால் என்ன தப்பு? செய்தவன்தானே சொல்கிறான்!

அந்த மரியாதைக்குத்தான் ஆயுத பூசை என்றால் சுற்றுவட்டாரக் கடைகளில் மெஷினுக்கு முதல் பொட்டு காளிதாஸ் கையால். திருச்செல்வம் பட்டறையிலும் நேற்று அவர்தான் வைத்தார்.

அதை நினைத்ததும் அந்த வாடையை இன்னொரு தடவை முகர்ந்து பார்த்தார்.

'சாமி, பவர் சப்ளையா இருக்கட்டும்' என்று மனசுக்குள் வேண்டிக்கொண்டார். சப்ளை என்றால் கடையில் புதுசு இருக்கிறது, மாட்டிவிட்டுத் தலைநிமிர்ந்து போய்விடலாம். பலகையிலிருந்து கார்டை முதலில் உருவிப் பழைய துண்டில் சுற்றி ஓரமாக வைத்தார். பிறகு சப்ளையைப் பலகையிலிருந்து கழற்றி, அது தனியாக ஓடுகிறதா என்று பார்க்க அதன் பச்சை வயரையும் கறுப்பு வயரையும் பேப்பர் கிளிப் ஒன்றால் சேர்த்தார். விசிறி ஜம்மென்று சுற்றியது.

"ஆ, ஓடுதே!" என்று கை தட்டினான் திருச்செல்வம்.

விசிறி சுற்றியதற்காகக் காளிதாஸ் மனசு நொந்தது வாழ்க்கையில் அன்றைக்குத்தான். சப்ளை உயிரோடு இருக்கிறது. அப்படியென்றால் கோளாறு பலகையில்.

டார்ச்சை வாயில் கவ்விக்கொண்டு குனிந்தார். பலகையின் ஓரத்தில், சப்ளை வயர் வந்து சேருகிற இடத்துக்குப் பக்கத்தில், காசு அளவுக்கு ஒரு பழுப்பு வட்டம். அதன்மேல் பச்சையாகப் பூத்த உப்பு. நடுவில் குங்குமச் சிவப்போடு ஒட்டிக்கொண்டு ஒரு விதை. எலுமிச்சை விதை.

சட்டென்று கட்டைவிரலால் அதை மூடினார்.

நேற்று நடந்ததெல்லாம் கண்முன்னே வந்தது. திருச்செல்வத்தின் மனைவி மலர் முழு எலுமிச்சம்பழத்தைத்தான் பெட்டிமேல் வைக்கப் போனாள். "முழுசா வச்சா உருண்டு விழுந்திரும்மா, இதுகூடத் தெரியலையா? வெட்டிக் கவுத்து வையி, அசையாது" என்று தடுத்தவர் காளிதாஸ். தானே வெட்டி, குங்குமம் தடவி, கவிழ்த்தும் வைத்தார். மலர் பிளக்கைப் பிடுங்கப் போனபோது, "பூசை அன்னிக்கு விளக்க அணைப்பாங்களா? பாரு, உள்ள சின்ன லைட் எரியுது, அது எரியட்டும்" என்று அதட்டியதும் அவர்தான். சூடு தாங்கவில்லை என்று அந்த மேல்தகட்டில் ஓட்டை போட்டு வலை வைத்ததுகூட அவர் கைவேலைதான். போன வருசம் அதைப் போகிற வருகிறவனுக்கெல்லாம் காட்டிப் பெருமை பேசியிருக்கிறார்.

சாறு சொட்டியது. பெட்டி அணைந்திருந்தாலும் பிளக் செருகியிருந்தால் பலகையில் கொஞ்சம் கரண்ட் ஓடிக்கொண்டேதான் இருக்கும். புளிச்சாறும் கரண்டும் சேர்ந்தால் செம்பை விடியவிடிய அரித்துத் தின்னும். இது பேக்டரியில் முதல் வருசமே அவர் கற்றுக்கொண்ட பாடம்.

"கண்டுபிடிச்சிட்டீங்களா அண்ணே?"

"ஈரம்" என்றார் காளிதாஸ். "ஈரம் பட்டிருக்கு."

அந்த ஒரு வார்த்தை போதுமாக இருந்தது. திருச்செல்வம் வாசல் பக்கம் திரும்பினான். மலர் பால் சேர்க்காத தே ஓ டீ கலக்கிக்கொண்டு வந்து நின்றிருந்தாள்.

"கேட்டியா? ஈரமாம்! நேத்து ஈரத்துணிய வச்சித் தொடைச்சது யாரு? தலப்பாடா அடிச்சிக்கிட்டேன், மெஷின் பக்கம் வராதன்னு!"

"பிழிஞ்சிட்டுத்தாங்க தொடைச்சேன்" என்றாள் மலர். "மேலாலதான் தொடைச்சேன்."

"ஒன் கை பட்டாலே விளங்காது. பட்டறைக்கு வந்த நாள்லேருந்து இப்படித்தான்."

காளிதாஸ் தலை நிமிரவில்லை. விதையை நகத்தால் கிள்ளி எடுத்துச் சட்டைப் பையில் போட்டார். சொல்லிவிடலாமா? சொன்னால் நாளைக்கு இந்தச் சந்து முழுக்கச் சிரிக்கும். அடுத்த பூசைக்கு எவன் கூப்பிடுவான்? முதலில் எழுப்புவோம், எழுந்துவிட்டால் யாரும் ஒன்றும் கேட்கமாட்டார்கள் என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டார்.

பல் விளக்கும் பிரஷில் ஸ்பிரிட்டைத் தொட்டு அந்த வட்டத்தைத் தேய்த்தார். உப்பு கரைந்ததும் அடியில் இருந்த சேதம் தெரிந்தது. பட்டனை அழுத்தினால் 'எழுந்திரு' என்று சப்ளைக்குச் சேதி கொண்டுபோகிற செம்புக் கோடு, நூல் தடிமன்தான் இருக்கும், நடுவில் அரித்துப்போயிருந்தது. மீட்டரை இரண்டு முனையிலும் வைத்துப் பார்த்தார். சத்தமே இல்லை. இந்தப் பக்கம் கூப்பிடுவது அந்தப் பக்கம் கேட்கவில்லை.

மயிர் போல ஒரு கம்பியை எடுத்து, இரண்டு முனையையும் சுரண்டி, ஈயம் வைத்து ஒட்டினார். எத்தனையோ ஆயிரம் தடவை செய்த வேலை. இன்றைக்குப் பார்த்து முதல் ஒட்டு விட்டுக்கொண்டது, மறுபடி வைத்தார். நெற்றி வேர்வை பலகையில் விழாமல் இருக்கத் தோளால் துடைத்துக்கொண்டார். மீட்டர் 'கீ' என்றது.

"போடுங்கண்ணே" என்றான் திருச்செல்வம்.

சப்ளையை மாட்டி, பட்டனை அழுத்தினார். விசிறி அரைச் சுற்று சுற்றி நின்றுவிட்டது. அடியிலிருந்து 'டிக்' என்று ஒரு சத்தம்.

அலமாக்! காளிதாஸுக்குப் புரிந்துவிட்டது. பலகையில் எங்கேயோ இரண்டு கம்பிக் கால்களுக்கு நடுவில் இன்னும் சாறு தங்கியிருக்கிறது. அது கரண்டைக் குறுக்கே பாய விடுகிறது. சப்ளை பயந்து தன்னைத்தானே அணைத்துக்கொள்கிறது. இன்னொரு தடவை தப்பாகப் போட்டால் பலகை வெந்தே போகலாம்.

"மலரு, வீட்ல முடி காய வைக்கிற மெஷின் இருக்கா?"

"இருக்குண்ணே. எடுத்தாரேன்." பட்டறைக்கு மேல்மாடிதான் வீடு. ஓடிப்போய் எடுத்துக்கொண்டு வந்தாள்.

"நீ தொடாத!" என்று திருச்செல்வம் அதைப் பிடுங்கினான். "வெளிய போ. நீ உள்ள நின்னா இது எழும்பாது. நானே பயந்துகிட்டு நிக்கிறேன்."

மலர் திரும்பி நடந்தாள். வாசலுக்குப் போய், மழைக்கு இருண்டு வந்த சந்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அவள் தோள் குலுங்குவது காளிதாஸுக்குத் தெரிந்தது.

பலகை சாகிற பயம் ஒரு பக்கம். பேர் போகிற பயம் இன்னொரு பக்கம். மூன்றாவதாக ஒரு பயம் இப்போது வந்தது: இது எழுந்தாலும் எழாவிட்டாலும் அந்தப் பிள்ளை ஆயுசுக்கும் இதைச் சுமக்கும்.

சட்டைப் பையில் கை விட்டு விதையை எடுத்து மேசைமேல் வைத்தார்.

"திருச்செல்வம், இது என்னா?"

"வெதை... எலுமிச்சம்பழ வெதை."

"பழத்த வெட்டிக் கவுத்துனது யாரு?"

திருச்செல்வம் விதையையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தான்.

"பிளக்கப் புடுங்காதன்னு சொன்னது யாரு? சொல்லு லா. வாய்ல கொழுக்கட்டையா?"

"நீங்கதாண்ணே."

"ஈரத்துணியும் இல்ல, ஒரு மண்ணும் இல்ல. நான்தான். இந்த ஜொகூர்லயே எலுமிச்சம்பழத்தால மதர்போர்டக் கொன்னவன் நான் ஒருத்தன்தான், வேற எவனுக்கும் அந்தத் தெறமை கெடையாது. மலரு, உள்ள வாம்மா. அந்தக் காத்து மெஷினப் புடிச்சிக்க. எட்டத்துலேருந்து புடி, பலகைய வாட்டிராத."

மலர் கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்தாள். புருசன் பக்கம் திரும்பவே இல்லை. காளிதாஸ் பலகையைக் கவிழ்த்து ஸ்பிரிட்டை ஓடவிட்டுத் தேய்க்க, அவள் சூடுகாற்றைப் பிடித்தாள். கால்களுக்கு நடுவிலிருந்து பழுப்புத் தண்ணீர் இழையாக வழிந்தது. வழிவது நின்று, துணியில் ஒற்றி எடுத்தால் கறையே இல்லாமல் வருகிறவரைக்கும் அவர் விடவில்லை.

"பட்டன நீ அமுக்கு" என்றார் மலரிடம்.

"வேணாண்ணே. பயமா இருக்கு."

"எனக்கு மட்டும் என்னா, குஷியாவா இருக்கு? அமுக்கு."

அழுத்தினாள். விசிறி அரைச் சுற்று சுற்றியது. மூன்று பேரும் மூச்சை அடக்கினார்கள். அரை முழுசானது, முழுசு வேகம் பிடித்தது, பலகை ஒரே ஒரு 'பீப்' அடித்தது. திரையில் வெள்ளை எழுத்து ஓட ஆரம்பித்தது.

காளிதாஸ் கம்ப்யூட்டரை நிறுத்தி, துண்டைப் பிரித்துக் கார்டை இரண்டு கையாலும் ஏந்தி உட்கார வைத்தார். மறுபடியும் பட்டன். மறுபடியும் 'பீப்'. அந்தப் பக்கம் மெஷினின் கை மெதுவாக நகர்ந்து, மூலைக்குப் போய் 'டக்' என்று நின்றது.

திருச்செல்வம் மலரைப் பார்த்தான். "ஏய்... கோவமா?"

"தகடு வெட்டுற வேலையப் பாருங்க" என்றாள் அவள்.

காளிதாஸ் நாற்காலியில் சாய்ந்து ஆறிப்போன தே ஓவை ஒரே மடக்கில் குடித்தார். போன உயிர் திரும்பி வந்ததும் கூடவே குரலும் வந்தது. "கொன்னவனும் நான், எழுப்புனவனும் நான். எந்த யுனிவர்சிட்டில சொல்லித் தராங்க இத?"

"அண்ணே" என்றாள் மலர், வயரைச் சுருட்டிக்கொண்டே. "நேத்து எங்களோடது முடிச்சிட்டு வேற எங்கெல்லாம் போய்ப் பழம் வச்சீங்க?"

காளிதாஸ் கோப்பையைக் கீழே வைத்தார்.

ராசம்மா தையல் கடை. மூர்த்தி டயர் கடை. டியூஷன் சென்டரில் வரிசையாகப் பெட்டிகள். எல்லாம் திங்கட்கிழமைதான் திறப்பார்கள். எல்லா இடத்திலும் பிளக் செருகித்தான் இருக்கும், அவர் பேச்சுக்கு மறுபேச்சு ஏது? வலை வைத்த மேல்தகடும் பாதிப் பெட்டிகளில் அவர் கைவேலைதான்.

மூர்த்திக்குப் போன் போட்டார்.

"மூர்த்தி, எங்க இருக்க? ஒடனே கடையத் தொற. கம்ப்யூட்டர் மேல இருக்கிற பழத்த எடுத்துப் போட்டுட்டு, பிளக்கப் புடுங்கு. காரணம் கேக்காத."

அந்தப் பக்கம் டிவிச் சத்தம் குறைந்தது.

"என்னாண்ணே நீங்க" என்றான் மூர்த்தி. "பூசை விளக்க அணைக்கக்கூடாதுன்னு நீங்கதான சொன்னீங்க?"