பெட்டிக்குள் பச்சைக் கெவுளி

பல்லடத்துக்குத் தெற்கே அப்புசாமியின் தறிக்கூடத்தில் சத்தம் நின்றால் ஊரே திரும்பிப் பார்க்கும். தீபாவளிக்குக்கூட அவர் தறிகளை நிறுத்தியதில்லை. கெவுளி கேட்கும் நாளில் மட்டும் நிறுத்துவார்.

பல்லியைத்தான் அங்கே கெவுளி என்பார்கள். சம்பந்தம் எதையும் முடிவு செய்யுமுன் குடும்பத் தலைவர் சாமியறையில் விளக்கேற்றி உட்காருவார். பங்காளிகள் பின்னால் உட்காருவார்கள். கெவுளி வலப்பக்கம் சொன்னால் சம்மதம், இடப்பக்கம் சொன்னால் ஆகாது. அது சொல்லும்வரை யாரும் எழக் கூடாது; கேட்டவர்கள் விரலால் தரையைத் தட்டுவார்கள். தறிச் சத்தத்தில் அந்தச் சின்னக் குரல் காதில் விழாது என்பதால்தான் நிறுத்துவது.

கோமளாவுக்காகக் கேட்ட அன்று தறிகள் நிற்கவில்லை.

கோமளா அப்புசாமியின் தங்கை மகள். மாமன் மகன் குழந்தைவேலுவுக்கு அவள் என்பது இரு வீட்டிலும் நெடுநாள் பேச்சு. எண்பதுகளின் தொடக்கத்தில், செவிலியர் படிப்பை முடித்துவிட்டு வந்து அந்தச் சாமியறை வாசற்படியில் நின்றாள். தறிகளின் அதிர்வில் திருநீற்றுத் தட்டு நடுங்கிக்கொண்டிருந்தது. திடீரென்று அப்புசாமி விரலால் தரையைத் தட்டினார்.

“எடப்பக்கம் சொல்லிப்போட்டுது. கேட்டுதுங்களா?”

“கேட்டுது, கேட்டுது” என்றார் மூத்த பங்காளி நாச்சிமுத்து. எல்லாரும் தரையைத் தட்டினார்கள். கோமளாவுக்குக் கேட்டது தறி மட்டும்தான்.

அடுத்த மாதமே குழந்தைவேலுவுக்கு ஈரோட்டு மஞ்சள் மண்டிக்காரர் வீட்டில் பெண் எடுத்தார்கள். கோமளாவின் அம்மா யாரையும் குறை சொல்லவில்லை. “கெவுளியே சொன்னப்பொறம் அண்ணன் என்ன கண்ணு பண்ணுவாரு?” என்று மகளையே தேற்றினாள். அந்தப் பொய்யை நம்பியபடியே இரண்டு வருடத்தில் செத்தும் போனாள். மாப்பிள்ளை போனதைக் கோமளா மறந்திருப்பாள். அம்மா நம்பியதை அவளால் மறக்க முடியவில்லை.

போர்ட் பிளேரில் ஆஸ்பத்திரி வேலை கிடைத்ததும் கப்பலேறினாள். பகை ஆளைத் தின்றுவிடும் என்று சொல்வார்கள். கோமளா அதை மருந்து போல அளவாக எடுத்துக்கொண்டாள். உடம்பும் கெடவில்லை, வேலையும் கெடவில்லை. வந்த வரன்களை மட்டும் திருப்பி அனுப்பினாள்.

அவள் குடியிருப்பின் சமையலறை ஜன்னலில் ஒரு பல்லி இருந்தது. கிளிப் பச்சை, முதுகில் சிவப்புப் புள்ளிகள். நம் ஊர்ப் பல்லியைப் போல விளக்கடியில் அலையாது. பட்டப்பகலில் வெயில் காயும், சிந்திய சர்க்கரைத் தண்ணீரை நக்கும். அந்தத் தீவுகளைத் தவிர உலகத்தில் வேறெங்கும் அது கிடையாது என்று உடன் வேலை பார்த்தவர்கள் சொன்னார்கள். அதன் பச்சையை விட வேறொன்றைத்தான் கோமளா கவனித்தாள். எத்தனை வருடம் பார்த்தும் அது வாய் திறந்து ஒரு சத்தம் போட்டு அவள் கேட்டதில்லை.

தொண்ணூற்றைந்து தை மாதம். அப்புசாமியின் கடைக்குட்டி மகள் ராமாமணி போன் செய்தாள். அத்தை மகளை அவள் நங்கையா என்றுதான் கூப்பிடுவாள்.

“நங்கையா, நீங்க கண்டிப்பா வரோணும். எனக்குக் கெவுளி கேக்கறாங்க.”

மாப்பிள்ளை கோயம்புத்தூர் பம்ப் பட்டறையில் லேத் ஓட்டுகிறவன். ராமாமணிக்குப் பிடித்துவிட்டது. மகளுக்காக அப்புசாமியும் இறங்கி வந்துவிட்டார். பங்காளிகள்தான் ஒப்பவில்லை. அவர்கள் வாயை அடைக்கக் கெவுளியால்தான் முடியும்.

கோமளா காற்றுப் போகத் துளையிட்ட கண்ணாடிப் பெட்டி ஒன்றைத் தயார் செய்தாள். அந்தப் பல்லியைத் தீவை விட்டுக் கொண்டுவரக் கூடாது என்பது அவளுக்குத் தெரியும். கொண்டுவந்தாள்.

முதல் நாள் சாயங்காலம் வீடே பெட்டியைச் சுற்றி நின்றது.

“ஏனப்பா அப்புசாமி, உள்ளூர்க் கெவுளி சொன்னா நாங்க நம்பமாட்டோம்னு சீமைக் கெவுளியா?” என்றார் நாச்சிமுத்து. “இது இந்தியில சொல்லுமா, தமிழ்ல சொல்லுமா?”

எல்லாரும் சிரித்தார்கள். “நம்ம வம்பு வழக்கு தெரியாத கெவுளிங்க, பெரிய மாமா. நாயமாச் சொல்லும்” என்றாள் கோமளா.

“அதுஞ் செரிதான். அப்ப இதையே கேட்டுப்போடு” என்றார் அவர். அப்புசாமிக்குப் பெருமை தாங்கவில்லை.

காலையில் பெட்டிக்குள் பல்லி அசைவற்றுக் கிடந்தது. தைக் குளிரை அந்த உயிர் அறியாது. தொட்டுப் பார்த்தாள், விறைத்திருந்தது. தன் பகைக்கு இன்னொரு உயிரைச் செலவழித்தோம் என்று தோன்றியது. தோன்றியதை ஒதுக்கிவிட்டு, இனிச் சாட்சி முன்னைவிடப் பலமானது என்று நினைத்தாள். பெட்டியைத் துணியால் மூடினாள். “குளுருக்கு ஆகாதுங்க” என்று சொல்லி மாமனிடம் நீட்டினாள்.

அப்புசாமி அதை வாங்கித் தன் கையாலேயே விளக்குக்கு வலப்பக்கம் வைத்தார். பிறகு தறிக்கூடத்துக்கு ஆள் அனுப்பினார். ஒவ்வொரு தறியாக நின்றது. மகளுக்கு நிறுத்துகிறார் என்பது கோமளாவின் நெஞ்சில் போய்க் குத்தியது.

வெகுநேரம் உட்கார்ந்திருந்தார்கள். கால் மரத்துப் பங்காளிகள் நெளிந்தார்கள். அப்புசாமி விரலால் தரையைத் தட்டினார்.

“வலப்பக்கம்! தீவுக் கெவுளியே சொல்லிப்போட்டுது. கேட்டுதுங்களா?”

ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். “கேட்டுது” என்றார் நாச்சிமுத்து, மெதுவாக. மற்றவர்களும் தட்டினார்கள். “எங்க அம்மணி, துணியை எடு. சொன்ன வாயைப் பாத்துப்போடலாம்” என்று கோமளாவிடம் திரும்பினார் நாச்சிமுத்து.

கோமளாவின் கை துணியின் மேல் இருந்தது. இத்தனை வருடம் இதற்காகத்தான். இழுத்தால் போதும், பொய் சொன்ன அத்தனை பேரும் அம்பலம். நிமிர்ந்தாள். தான் அன்று நின்ற அதே வாசற்படியில் ராமாமணி நின்றிருந்தாள். கண்ணை மூடி, நிலைக்கதவை விரலால் தட்டிக்கொண்டிருந்தாள். அவள் நம்பிவிட்டாள்.

“சொல்லீட்டுத் தூங்கிப் போச்சுங்க பெரிய மாமா. தொந்தரவு பண்ண வேண்டாம்” என்றாள் கோமளா.

விருந்து முடிந்து தறிகள் மறுபடி ஓடத் தொடங்கியதும் பெட்டியோடு தறிக்கூடத்துக்குப் போனாள். அப்புசாமி நூல் மூட்டைகளுக்கு நடுவே தனியாக நின்றிருந்தார். துணியை விலக்கினாள்.

“காத்தாலயே செத்துப் போச்சுங்க மாமா.”

அந்தச் சத்தத்தில் அவர் காதைக் கிட்டே கொண்டுவர வேண்டியிருந்தது. இரண்டாம் முறை சொன்னபோது அவர் கை தோள் துண்டைத் தேடியது.

“அங்கியே சொல்றதுக்கென்ன, அம்மணி?”

“சொல்லியிருந்தா உங்க புள்ளைக்குக் கண்ணாலம் நின்னிருக்குமுங்க. எனக்கு நின்ன மாதிரி.”

“ஆராருக்குத் தெரியும்?”

“உங்களுக்கும் எனக்குமுங்க. கண்ணாலம் முடியட்டும், பெட்டி எங்கிட்ட பத்திரமா இருக்கும்.”

“உனக்கு என்ன வேணுங் கண்ணு? கேளு, செய்யறேன்.”

“எங்கம்மாகிட்ட நெசத்தைச் சொல்லுங்க. வருசா வருசம் அம்மா செத்த நாளைக்கு வந்து சொல்லுங்க.”

கோமளா தீவுக்குத் திரும்பவில்லை. கோயம்புத்தூரில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் சேர்ந்தாள். வாடகை வீட்டின் முன்னறையில் அம்மாவின் போட்டோ. அதன் கீழே பார்மலின் பாட்டிலில் பல்லி. பச்சை போய் அது ஒரு மாதிரி நீலமாகிவிட்டது.

முதல் வருடம் அப்புசாமி தனியாக வந்தார். காபியைத் தொடவில்லை. போட்டோவுக்கு முன்னால் குனிந்து உட்கார்ந்தார்.

“அன்னைக்குக் கெவுளி சொல்லலை, பாப்பா” என்று தங்கையிடம் முணுமுணுத்தார். கண் கலங்கியிருந்தது. வருத்தமா, பயமா என்று கோமளா ஆராயவில்லை.

எழப் பார்த்தவரை அவள் குரல் நிறுத்தியது. தெருவில் ஒரு சைக்கிள் மணிகூட இல்லை.

“தறிச் சத்தத்துல அம்மாவுக்குக் கேக்கலீங்க மாமா. இன்னொருக்காச் சொல்லுங்க.”